கறிப்பெட்டியில் கணக்கேடு

பெட்டிகளின் மேல் எழுதியிருந்தது, தகர டப்பா மாட்டுக்கறி என்று. அர்ஜென்டினா அரசின் வேளாண்மை அமைச்சக முத்திரையும் அவற்றின்மீது பதிந்திருந்தது. கப்பலின் பெயர் 'நார்மன் ஸ்டார்'. நின்றிருந்த துறை புவனஸ் அயர்ஸ். போகவிருந்த ஊர் இலண்டன். திறந்து பார்த்தனர் செனட் சபையின் விசாரணைக் குழுவினர். கறி இல்லை, காகிதம் இருந்தது! எந்தக் கணக்குகளைக் காட்ட முடியாது என்று கம்பெனி சாதித்துக் கொண்டிருந்ததோ, அந்தக் கணக்குகள், கறியின் பெயரால், கடல் கடக்கக் காத்துக் கிடந்தன. குற்றவாளியை நாடு கடத்துவார்கள் என்று கேள்விப்பட்டிருக்கிறோம். கணக்கேட்டை நாடு கடத்த முயன்ற கதை இது.

இறைச்சி என்ற சொல்லைக் கேட்டதும் நம் நாட்டில் இரண்டு கட்சிகள் கிளம்பிவிடும். உண்பது பாவம் என்பது ஒரு கட்சி. உண்டால்தான் உரம் என்பது மற்றொன்று. பாவ புண்ணியப் பட்டிமன்றத்திலேயே பொழுது போய்விடுகிறது. மாட்டை வளர்த்தவனுக்கு என்ன கிடைத்தது, கத்தி பிடித்தவனுக்கு என்ன கூலி, கடல் கடந்து வந்து தட்டில் விழும் துண்டுக்கு விலை வைத்தவன் யார் என்று கேட்க ஆளில்லை. அர்ஜென்டினாவிலே ஒருவர் கேட்டார். கேட்டதன் விளைவாகச் செனட் சபைக்குள்ளேயே துப்பாக்கி வெடித்தது! அந்த வெடியோசையைக் கேட்குமுன், அந்த மண்ணின் வரலாற்றைக் கொஞ்சம் கேட்டாக வேண்டும்.

பள்ளியிலே தென் அமெரிக்கப் படத்தை மாட்டி, 'பாம்பாஸ் புல்வெளி: கால்நடை வளர்ப்பு' என்று ஒரே வரியில் கடந்துவிடுகிறோம், ஆசிரியர்களாகிய நாம். மாணவனும் அந்த ஒரு வரியை எழுதி இரண்டு மதிப்பெண் பெற்றுவிடுகிறான். அந்த ஒரு வரிக்குள் நானூறு ஆண்டுகள் அடங்கிக் கிடக்கின்றன. பதினாறாம் நூற்றாண்டில் ஸ்பானியர் கொண்டுவந்து விட்ட மாடுகள், கட்டுத்தறியின்றி, காவலின்றி, அந்தப் புல் கடலிலே பல்கிப் பெருகின. குதிரையேறிய கௌச்சோக்கள் அவற்றை விரட்டி வீழ்த்தினர், இறைச்சிக்காக அல்ல, தோலுக்காக! தோலை உரித்துக்கொண்டு, கொழுப்பை வழித்துக்கொண்டு, பசிக்கு ஒரு துண்டை அறுத்துக்கொண்டு, மிச்சத்தைப் பறவைக்கும் நாய்க்கும் விட்டுச் சென்றனர். தோல் கப்பலேறும், கெடாது. கறி கப்பலேறாது, கெட்டுவிடும். அவ்வளவுதான் காரணம். அங்கே மலைமலையாகக் கறி அழுகிற்று. அதே நாளில் ஐரோப்பாவின் ஆலைத் தொழிலாளி உருளைக்கிழங்கையும் ரொட்டியையும் தின்று காலந்தள்ளினான்.

கறியைக் காக்க முதலில் கிடைத்த வழி உப்பு. கறியைக் கீறி, உப்பிட்டு, வெயிலில் உலர்த்தினார்கள். நம் பாட்டிமார் போடும் உப்புக்கண்டந்தான், ஆனால் ஆயிரக்கணக்கான டன் அளவில்! வாங்கியவர் யார்? பிரேசில், கியூபா தோட்ட முதலாளிகள். தின்றவர் யார்? அவர்களுடைய அடிமைகள். கரும்பு வெட்டும் கறுப்பர் கைகளுக்கு மலிவான தீனி வேண்டும். அதற்காகப் பிறந்தது இந்த வாணிகம். ஐரோப்பியர் அந்தக் காய்ந்த கறியை வாயில் வைக்க மறுத்தனர். கியூபாவில் 1886-லும் பிரேசிலில் 1888-லும் அடிமைமுறை ஒழிக்கப்படும் வரை, உப்புக்கண்ட வியாபாரிக்குச் சவுக்கு பிடித்தவனே நம்பிக்கையான வாடிக்கையாளன்.

அடுத்து வந்தது அறிவியல். அல்லது, அறிவியலின் பெயர். ஜெர்மன் இரசாயன அறிஞர் லீபிக், மாட்டுக்கறியைக் காய்ச்சிச் சாறெடுக்கும் முறையை 1847-ல் வெளியிட்டார். ஒரு கிலோ சாறுக்கு ஏறத்தாழ முப்பது கிலோ கறி வேண்டும். ஐரோப்பிய விலையில் அது கட்டுபடியாகாது. கறியைக் காட்டில் எறியும் நாட்டில் கட்டுபடியாகுமே! கீபர்ட் என்ற பொறியாளர் இதைக் கண்டுகொண்டார். உருகுவே ஆற்றங்கரையிலே ஃபிரே பெந்தோஸ் என்னும் சிற்றூரில் ஆலை எழுந்தது. 1865-ல் இலண்டனில் 'லீபிக் இறைச்சிச் சாறுக் கம்பெனி' தோன்றிற்று. மாடு உருகுவேயில், மூளை ஜெர்மனியில், முதல் இலண்டனில்! கண்ணைப் பறிக்கும் வண்ண அட்டைகள் விளம்பரமாக வீடுகளுக்குப் போயின. நோயாளிக்கு இது, படைவீரனுக்கு இது, பிள்ளைக்கு இது என்று விற்றனர். பின்னர் நடந்த ஆராய்ச்சிகளோ, சாற்றிலே சுவையுண்டு, சத்து அதிகமில்லை என்று காட்டின. அறிவியலின் பெயரால் விற்றதை அறிவியலே மறுத்தது. விற்பனை நின்றதா? இல்லை. பெயரை நம்பிப் பழகியவனுக்கு ஆராய்ச்சி எதற்கு! கோயில் பிரசாதத்துக்கு மட்டுமே உரிய குணம் இது என்று நாம் எண்ணிக் கொண்டிருக்கிறோம்.

அந்த ஆலை 1873 முதல் கறியைத் தகர டப்பாவிலும் அடைக்கத் தொடங்கியது. முதல் உலகப்போரிலே பிரிட்டிஷ் சிப்பாய் பதுங்குகுழியில் திறந்து தின்றது அந்த டப்பாவைத்தான். ஊரின் பெயர் டப்பாவின் பெயராயிற்று. 1917-ல் பெல்ஜியத்துச் சேற்றிலே சிக்கி நின்ற ஒரு பீரங்கி வண்டிக்கும் 'ஃபிரே பெந்தோஸ்' என்பதே பெயர். தகரத்துக்குள்ளே அடைபட்ட மனிதர்கள்! பொருத்தமான பெயர்தான்.

ஆனால் உலகத்தையே புரட்டிப் போட்டது உப்புமல்ல, தகரமுமல்ல, பனி. பிரெஞ்சுப் பொறியாளர் சார்ல் தெலியே அமைத்த குளிர்ப்பொறியோடு 'ஃபிரிகோரிஃபிக்' என்ற கப்பல் 1876-ல் ரூவான் துறையிலிருந்து புறப்பட்டுப் புவனஸ் அயர்ஸ் போய்ச் சேர்ந்தது. 1882 பிப்ரவரி 15-ஆம் நாள் நியூசிலாந்திலிருந்து 'டனிடின்' என்ற பாய்க்கப்பல் ஏறத்தாழ ஐயாயிரம் ஆட்டுடல்களை உறைய வைத்து ஏற்றிக்கொண்டு கிளம்பி, வெப்பமண்டலத்தைக் கடந்து, மே மாதத்தில் இலண்டனை அடைந்தது. கெட்டுப்போனது என்று தள்ளப்பட்டது ஒன்றே ஒன்று! கடலும் வெயிலும் தோற்றன. பாம்பாஸின் மாடும் இலண்டன் தொழிலாளியின் தட்டும் அடுத்தடுத்த தெருவுக்கு வந்தன. தெலியே என்ன ஆனார் என்கிறீர்களா? 1913-ல் வறுமையிலே இறந்தார். குளிரைக் கண்டவர் அவர். குளிர் காய்ந்தவர்கள் வேறு!

வடக்கே சிகாகோவில் இதே பனி வேறொரு வேலை செய்துகொண்டிருந்தது. 1865 கிறிஸ்துமஸ் நாளன்று திறக்கப்பட்ட அந்நகரத்துக் கால்நடைத் தொட்டிக்கு, இரயில் இரயிலாக மாடுகள் வந்தன. ஸ்விஃப்ட் என்பவர் பனிக்கட்டி வைத்த இரயில் பெட்டிகளில் உயிரற்ற உடலை மட்டும் கிழக்கே அனுப்பி, ஊர்தோறும் இருந்த கசாப்புக்காரர்களை வீழ்த்தினார். தொங்கும் உடல் நகர்ந்துகொண்டே போகும். வரிசையாக நிற்கும் ஆட்கள் ஆளுக்கொரு வெட்டு வெட்டுவர். ஃபோர்டு, மோட்டார் தொழிற்சாலைக்கு இந்த வரிசையிலிருந்தே யோசனை எடுத்ததாகத் தாமே எழுதியிருக்கிறார். மாட்டைப் பிரித்த முறையில் மோட்டாரைச் சேர்த்தார்! 1906-ல் அப்டன் சிங்கிளர் 'தி ஜங்கிள்' என்ற புதினத்தில் அந்தத் தொழிலாளரின் துயரை எழுதினார். நாடு பதறியது, அந்த ஆண்டே இறைச்சிச் சோதனைச் சட்டம் வந்தது. சட்டம் காத்தது தின்பவனின் வயிற்றை. வெட்டுபவனின் விரல்களைப் பற்றி அதில் ஒன்றுமில்லை. மக்களின் நெஞ்சைக் குறிபார்த்ததாகவும், தவறிப்போய் வயிற்றில் பட்டுவிட்டதாகவும் சிங்கிளரே நொந்துகொண்டார்.

சிகாகோ முதலைகள் 1907-ல் அர்ஜென்டினாவுக்குள் நுழைந்தன. ஏற்கெனவே இருந்த பிரிட்டிஷ் முதலாளிகளோடு முதலில் மோதின, பிறகு கூடிக்கொண்டன. ஏன் கூட முடிந்தது என்பதைப் புரிந்துகொள்ள ஒரு நுட்பத்தை அறிய வேண்டும். கல்லாய் உறைய வைத்த கறி மாதக்கணக்கில் கிடக்கும். ஆனால் சுவை குன்றும். உறைநிலைக்கு அருகில், உறையாமல், குளிர வைத்த கறிக்கு இலண்டனில் நல்ல விலை. ஆனால் வெட்டிய நாளிலிருந்து சுமார் நாற்பது நாளுக்குள் விற்றாக வேண்டும். ஆஸ்திரேலியா தொலைவு, அன்றைய கப்பலுக்கு எட்டாது; அர்ஜென்டினா மூன்று வாரப் பயணம், எட்டும். ஆகவே கறியைவிட, கப்பலில் கறி தொங்கும் இடமே பொன்னாயிற்று. அந்த இடத்தை 1911 முதல் கம்பெனிகள் கூடிப் பேசிப் பங்கு போட்டுக்கொண்டன: இத்தனை பங்கு அமெரிக்கருக்கு, இத்தனை பிரிட்டிஷாருக்கு, மிச்சத்தில் கொஞ்சம் அர்ஜென்டினக்காரருக்கு. மாட்டுக்காரன் எந்தக் கதவைத் தட்டினாலும் ஒரே விலை கேட்டது!

அந்தக் கூட்டத்தில் வெஸ்டி சகோதரர்கள் தனிப்பிறவிகள். லிவர்பூலில் குளிர்கிடங்கு வைத்துத் தொடங்கினர். மேய்ச்சல் நிலம் அவர்களுடையது. அறுக்கும் ஆலை அவர்களுடையது. 'புளூ ஸ்டார்' கப்பல்கள் அவர்களுடையவை. இறங்கும் கிடங்கு அவர்களுடையது. கடைசியில் தெருமுனைக் கசாப்புக் கடையும் அவர்களுடையது. போர்க்காலத்தில், 1915-ல், வருமான வரிக்குத் தப்பக் குடும்பத்தோடு புவனஸ் அயர்ஸுக்குக் குடியேறினர். நாட்டுக்காக இளைஞர் உயிர் கொடுத்த வேளையில் இவர்கள் வரி கொடுக்க மறுத்தனர்! போருக்குப் பின், 1919-ல், வரி பற்றிய அரச விசாரணைக் குழுவின் முன் மூத்தவர் வில்லியம் தந்த விளக்கம் கவனிக்கத்தக்கது. ஒரு மாட்டை அறுக்கிறோம், அதிலிருந்து கிடைப்பவை ஐம்பது நாடுகளில் விற்கின்றன, இலாபத்தில் எது எந்த நாட்டில் கிடைத்தது என்று எப்படிச் சொல்வது என்று கேட்டாராம். 1922-ல் அவருக்குப் பிரபுப் பட்டம் கிடைத்தது. ஃபிரே பெந்தோஸ் ஆலையையும் 1924-ல் வெஸ்டி குடும்பம் வாங்கி, 'ஆங்கிலோ' என்று பெயர் சூட்டிற்று. எப்படிச் சொல்வது என்று அவர் கேட்டாரே, சொல்லக்கூடியது ஒன்று உண்டு: கணக்கேடு. அதனால்தான் அது கறிப்பெட்டிக்குள் போயிற்று.

1929-ல் உலகச் சந்தை சரிந்தது. 1932-ல் ஒட்டாவா நகரில் கூடிய பிரிட்டிஷ் சாம்ராச்சியம், இனி நம் குடியேற்ற நாடுகளின் பொருளுக்கே முதலிடம் என்று தீர்மானித்தது. அர்ஜென்டினாவின் மாட்டுப் பண்ணை மகாராசர்கள் நடுங்கினர். துணைக் குடியரசுத் தலைவர் ரோக்காவே இலண்டனுக்கு ஓடினார். பொருளாதார நோக்கில் அர்ஜென்டினா பிரிட்டனின் ஒரு பகுதியே என்று அங்கே விருந்தில் பேசினார். சுதந்திர நாட்டின் துணைத் தலைவர்! 1933 மே முதல் நாள் கையெழுத்தான ஒப்பந்தத்தில், குளிர்கறியை முந்தைய ஆண்டின் அளவுக்குக் குறையாமல் வாங்கிக்கொள்ள பிரிட்டன் இசைந்தது. பதிலுக்கு? பிரிட்டிஷ் கம்பெனிகளுக்குப் பரிவான நடத்தை. பிரிட்டிஷ் நிலக்கரிக்குத் தீர்வையில்லை. ஏற்றுமதியில் நூற்றுக்கு எண்பத்தைந்து பங்கு அந்நியக் கம்பெனிகளின் கையில், பதினைந்து மட்டுமே அர்ஜென்டினருக்கு. உள்நாட்டிலும் இரண்டு சாதி உண்டு. கன்றை ஈன வைத்து வளர்ப்பவன் ஒருவன், சிறியவன். அதை வாங்கிக் கொழுத்த புல்வெளியில் கொழுக்க வைத்து ஆலைக்கு விற்பவன் மற்றொருவன், பெரியவன். ஒப்பந்தத்தின் பயன் பெரியவன் மடியிலே விழுந்தது. சிறியவனின் கன்று விலை தரையிலே கிடந்தது.

இதைத்தான் கேட்டார் லிசாந்த்ரோ டி லா தோரே. ரொசாரியோ நகரில் பிறந்தவர், சாந்தா ஃபே மாநிலத்தின் செனட்டர், அறுபத்தாறு வயது, பெருங்கட்சியின் பலமில்லாதவர். கம்பெனிகள் வரி ஏய்க்கின்றன, அரசு கண்ணை மூடிக்கொள்கிறது, வேளாண்மை அமைச்சர் தூகாவின் சொந்த மாடுகளுக்கே தனி விலை கிடைக்கிறது என்று 1935-ல் செனட் சபையில் நாள் நாளாய்ப் புள்ளிவிவரங்களை அடுக்கினார். நார்மன் ஸ்டார் கப்பலில் அகப்பட்ட ஏடுகள் அவருக்குத் துணை நின்றன. கணக்கைக் காட்ட மறுத்த ஆங்கிலோ கம்பெனியின் மேலாளர் கைதானார். கணக்கு வாத்தியார் போல, கூச்சலின்றி, எண்ணை எண்ணால் வெட்டிய அந்தப் பேச்சுக்குப் பதில் சொல்ல அமைச்சர்கள் தடுமாறினர்.

பதில் ஜூலை 23-ஆம் நாள் வந்தது. சபையிலே வாக்குவாதம் கைகலப்பாயிற்று. டி லா தோரே கீழே தள்ளப்பட்டு விழுந்தார். அவரைத் தூக்க ஓடினார் என்சோ போர்தபேரே, அவருடைய மாணவர் போன்றவர், அதே மாநிலத்துக்குத் தேர்ந்தெடுக்கப்பட்டு, இன்னும் பதவியேற்காத இளம் செனட்டர். பின்னாலிருந்து சுட்டான் ஒருவன். குறி கிழவருக்கு; குண்டு இளைஞருக்கு! சுட்டவன் வால்தேஸ் கோரா, முன்னாள் போலீஸ் அதிகாரி. அவனை ஏவியவர் யார் என்பது வழக்கில் கடைசிவரை மெய்ப்பிக்கப்படவில்லை. இரண்டு நாள் கழித்து, நிதியமைச்சர் பினேதோ கிழவரைத் துப்பாக்கிச் சண்டைக்கு இழுத்தார். கிழவர் வானத்தை நோக்கிச் சுட்டுவிட்டு நின்றார். அமைச்சர் அவரை நோக்கியே சுட்டார், தவறிற்று.

விசாரணை அதோடு ஒடுங்கிற்று. 1937-ல் டி லா தோரே செனட்டர் பதவியைத் துறந்தார். அவர் ஒரு சுதந்திர சிந்தனையாளர் என்பதை இங்கே சொல்லாமல் விட மனமில்லை. பதவி போன பின்னும் மேடையேறி, சமுதாயத் துயருக்குச் சமயத்தில் மருந்து தேடுவோரோடு வாதிட்டார். பிரான்செஸ்கி என்ற பாதிரியாரோடு அவர் நடத்திய சொற்போர் நாடறிந்தது. 1939 சனவரி 5-ஆம் நாள் தம் உயிரைத் தாமே முடித்துக்கொண்டார். அந்த முடிவை நாம் போற்றவில்லை; தனித்து நின்றவரைத் தனியே விட்ட நாட்டின் மேல்தான் நம் சினம். சாம்பலைக் காற்றில் தூவிவிடுங்கள் என்று நண்பர்களுக்கு எழுதிவைத்திருந்தார்.

கம்பெனிகளோ நீடித்தன. ஆஸ்திரேலியாவின் வட பகுதியில் வேவ் ஹில் என்னும் வெஸ்டி பண்ணையில், குரிண்ட்ஜி ஆதிக்குடிகள் தம் சொந்த மூதாதையர் மண்ணிலேயே வெள்ளையனைவிடக் குறைந்த கூலிக்கு மாடு மேய்த்தனர். 1966-ல் வின்சென்ட் லிங்கியாரி தலைமையில் சுமார் இருநூறு பேர் வெளிநடந்தனர். கூலி கேட்டு நடந்தவர்கள், போகப்போக நிலத்தையே கேட்டனர். ஒன்பதாண்டு உறுதியாக உட்கார்ந்திருந்தனர். 1975 ஆகஸ்டில் பிரதமர் விட்லம் ஒரு பிடி மண்ணை லிங்கியாரியின் கையில் ஊற்றினார். வெஸ்டியின் வரிக்கதையும் முடியவில்லை. அக்குடும்பத்தின் கசாப்புக் கடைத் தொடர் 1978-ல் இருபத்து மூன்று இலட்சம் பவுன் இலாபத்துக்குக் கட்டிய வரி பத்தே பவுன் என்று 1980-ல் இலண்டன் பத்திரிகை ஒன்று அம்பலப்படுத்தியது. 1979-ல் ஃபிரே பெந்தோஸ் ஆலை மூடப்பட்டது. 2015-ல் உலக மரபுச் சின்னமாயிற்று.

மன்னர்கள் மாறினர். பிரேசிலின் அனாபோலிஸ் நகரில் 1953-ல் ஒரு சிறு கசாப்புச்சாலையாகத் தொடங்கிய ஜேபிஎஸ் என்ற கம்பெனி, அர்ஜென்டினாவின் ஸ்விஃப்ட் கம்பெனியை 2005-ல் விழுங்கியது. 2007-ல் அமெரிக்க ஸ்விஃப்டையே விழுங்கியது. சிகாகோ பெருந்தனக்காரனின் பெயர் பிரேசில் கசாப்புக்காரன் பைக்குள்! காலனிய நாடு வென்றது என்று கை தட்டத் தோன்றும். தட்டுமுன் 2017-ஐ நினைக்க வேண்டும். ஆயிரத்துக்கு மேற்பட்ட அரசியல்வாதிகளுக்குப் பணம் போனதாக அக்கம்பெனியாரே அவ்வாண்டு ஒப்புக்கொண்டனர். தோல் மாறியது, கணக்கு மாறவில்லை.

உலகக் கணக்கும் வளர்ந்திருக்கிறது. 1961-ல் உலகம் உற்பத்தி செய்த இறைச்சி ஏறத்தாழ ஏழு கோடி டன். இப்போது முப்பத்தைந்து கோடி டன்னைத் தாண்டிவிட்டது. மக்கள்தொகை இரண்டரை மடங்கு பெருகிய காலத்தில் இறைச்சி ஐந்து மடங்காயிற்று. உலகப் பன்றிக்கறியில் பாதியளவு சீனாவில். 2013-ல் அமெரிக்காவின் மிகப்பெரிய பன்றிக்கறிக் கம்பெனியைச் சீனக் கம்பெனி வாங்கியது. பசுவைப் பற்றிப் பாடம் நடத்தும் நம் நாடும் எருமைக்கறியில் 2022–23-ல் சுமார் 11 இலட்சத்து 75 ஆயிரம் டன் ஏற்றுமதி செய்தது. அர்ஜென்டினாவின் கறியில் பெரும்பங்கு இன்று போவது இலண்டனுக்கல்ல, சீனாவுக்கு. 1956-ல் அந்நாட்டார் ஆளுக்கு ஆண்டுக்கு நூறு கிலோ அளவில் மாட்டுக்கறி உண்டனர். 2024-ல் ஐம்பது கிலோவும் இல்லை. கோழி மலிவு, கோழிக்கு மாறினோம் என்பர் சிலர். விலையேற்றத்தைத் தாங்காமல் 2021 மே மாதத்தில் அரசு மாட்டுக்கறி ஏற்றுமதியை முப்பது நாள் நிறுத்திப் பார்த்ததே, அதையும் சேர்த்துச் சொல்ல வேண்டும்.

மாட்டையும் பன்றியையும் முந்தி, எல்லா நாட்டிலும் ஏறி வருவது கோழிதான். அதன் கதையைக் கேட்க நாம் கடல் கடக்க வேண்டாம். பல்லடம், உடுமலைப் பக்கம் பேருந்தில் போனால் போதும். நீண்ட நீண்ட கொட்டகைகள். கொட்டகை விவசாயியுடையது, அதன்மேல் வாங்கிய கடன் விவசாயியுடையது, மின்கட்டணமும் தண்ணீரும் தேங்காய் மஞ்சியும் இரவுக் காவலும் விவசாயியுடையவை. குஞ்சு கம்பெனியுடையது, தீவனமும் மருந்தும் கம்பெனியுடையவை, வளர்ந்த கோழியும் கம்பெனியுடையது. கிலோவுக்கு இவ்வளவு என்று வளர்ப்புக் கூலி மட்டும் விவசாயிக்கு. கூலியை உயர்த்தக் கோரி அவர்கள் போராடியதுமுண்டு. நாற்பது நாள் சுமாரில் வண்டி வந்து கோழியை எடை போட்டு ஏற்றிக்கொண்டு போகிறது. எவ்வளவு தீவனம் தின்றது, எத்தனை செத்தது, கிலோவுக்கு எத்தனை ரூபாய் விழும் என்று கணக்குத் தாள் பிறகு வருகிறது, கம்பெனியிடமிருந்து.